அழகுமுத்துவின் அரைப்பேர்

செத்துப்போன மனுஷனுக்கு என்ன விலை என்று கேட்டால் நமக்குச் சொல்லத் தெரியாது. மாரில் அடித்துக்கொண்டு அழுவோம். நமக்குத் தெரிந்த கணக்கு அவ்வளவுதான். அதனால்தான், கண்ணுகளா, அந்த வேலையை நம் கையில் விடாமல், பட்டணத்தில் உயரமாகக் கூரை போட்டு ஒரு கட்டிடம் கட்டி, கறுப்புக் கோட்டுப் போட்ட படித்த மனிதர்களை அதற்குள் உட்கார்த்தி வைத்திருக்கிறார்கள். அவர்கள் அழமாட்டார்கள். நிதானமாகக் கூட்டிக் கழித்துச் சொல்வார்கள். கழுகுப்பாறைத் தோட்டத்து வேலாயிக்கு அவர்கள் அப்படிக் கூட்டிக் கழித்துச் சொன்ன கதையைத்தான் இப்போது சொல்லப் போகிறேன். கொஞ்சம் கிட்ட வந்து உட்காருங்கள்.

வேலாயியின் புருஷன் அழகுமுத்து தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிறவன். இரண்டு பேருக்கும் ஒரே பிள்ளை, பூரணி. தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் அஞ்சாம் வகுப்போடு படிப்பு முடிந்துவிடும். அதற்கு மேல் பிள்ளைகள் கூடையைத்தான் தூக்க வேண்டும். பூரணியின் டீச்சரம்மா அழகுமுத்துவைக் கூப்பிட்டு, இந்தப் பிள்ளையை அட்டன் பக்கம் பெரிய பள்ளிக்கூடத்தில் சேர்க்காவிட்டால் நீ மனுஷனே இல்லை என்று சொல்லிவிட்டார். அவனும் மனுஷனாக இருந்துவிடலாம் என்று தீர்மானித்தான்.

அதற்காக ஒரு நாள் மத்தியானத்தோடு கத்தியைக் கீழே வைத்தான். தோட்டத்து வழக்கம் உங்களுக்குத் தெரியும். நாள் முழுக்க மலையில் நின்றால் ஒரு பேர் போடுவார்கள். பேர் என்றால் அன்றைய கூலி. பாதி நாள் நின்றால் அரைப்பேர். கணக்கப்பிள்ளை இராமையா பென்சிலைக் காதிலிருந்து எடுத்துக்கொண்டே சொன்னார்:

“டேய் அழகுமுத்து, இப்ப எறங்குனீன்னா அரைப்பேருதான் விழும், பாத்துக்க.”

“விழட்டுங்க ஐயா. புள்ளயாச்சும் முழுசாப் படிக்கட்டும்.”

போனான். பெரிய பள்ளிக்கூடத்தில் கைநாட்டு வைத்தான். “அடுத்த தவணைக்குப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வா” என்றார் தலைமை வாத்தியார். மழை பிடித்துக்கொண்டது. கம்பளியைத் தலையில் போட்டுக்கொண்டு டிக்கோயா ரோட்டில் நடந்து வந்தான். ஒரு வளைவில், தேயிலைப் பெட்டி ஏற்றிய லாரி ஒன்று ஹோர்ன் அடிக்காமல் திரும்பியது.

அந்த வளைவில் இரண்டு உடைந்தன. ஒன்று அழகுமுத்து. இன்னொன்று லாரியின் இடப்பக்கத்து முன்விளக்கு. மறுநாள் ஒரு ஆள் வந்து விளக்கின் கண்ணாடித் துண்டுகளை ஒன்று விடாமல் பொறுக்கிக்கொண்டு போனான். வழக்கு வந்தால் வேண்டுமாம். மற்றதையெல்லாம் மழை கழுவிக்கொண்டு போயிற்று.

வேலாயி ஒருத்தியின் கூலியில் பூரணியைப் பெரிய பள்ளிக்கூடத்துக்கு அனுப்ப முடியாது. பஸ்காசு, புத்தகம், வெள்ளைச் சட்டை, எதற்கும் எட்டாது. “பெரட்டுக்கு வரச்சொல்லு, சின்ன ஆளுன்னு அரைப்பேராவது போடுறேன்” என்றார் இராமையா. விடியற்காலையில் கொம்பு ஊதியதும் தொழிலாளர் கூடி நிற்கிற இடம்தான் பெரட்டு. அங்கே ஒரு தரம் பேர் கொடுத்த பிள்ளை திரும்பிப் பள்ளிக்கூடம் போனதை யாரும் பார்த்ததில்லை. அப்போதுதான் டீச்சரம்மா சொன்னார், லாரிக்குக் கொழும்பில் ஒரு கம்பெனி இன்சூரன்ஸ் போட்டிருக்கிறது, வழக்குப் போட்டால் அழகுமுத்துவுக்கு நட்டஈடு கொடுப்பார்கள், அதில் பூரணி படிக்கலாம் என்று.

இதைக் கேட்டு வேலாயி பெரக்கிராசி பரமலிங்கத்திடம் போனாள். பெரக்கிராசி என்றால் வக்கீல்தான். பரமலிங்கம் யாழ்ப்பாணத்துக்காரர். கெட்டவர் இல்லை. “யோசியாதை பிள்ளை. கோர்ட் எண்டது கடவுள் மாதிரி. சுணங்கும், ஆனால் பாக்கும்” என்றார். முதல் தவணைக்கு நாள் குறித்தார்கள்.

பூரணி கேட்டாள்: “எந்தத் தவணம்மா? பள்ளிக்கூடத் தவணையா, கோர்ட்டுத் தவணையா?”

“ரெண்டும் ஒண்ணுதான் கண்ணு. அது முடிஞ்சா இது.”

முதல் தவணையன்று தாயும் மகளும் கோர்ட்டுக்குள் நுழைந்தபோது, நடு மேசையில் பச்சைத்துணி விரித்து அந்த உடைந்த விளக்கை வைத்திருந்தார்கள். பக்கத்தில் ஒரு சேவகன் அதைத் தொடாமல் காவல் நின்றான். வேலாயிக்கு உட்கார இடம் இல்லை. அவள் சுவரோரமாக நின்றாள்.

கம்பெனிப் பெரக்கிராசி எழுந்தார். கோர்ட்டில் இங்கிலீஷ்தான் பேசுவார்கள். ஜட்ஜ் துரைக்கும் நம் ஜனங்களுக்கும் நடுவில் நின்று மொழிபெயர்க்கிறவர் மகாலிங்க முதலியார்.

“கனம் ஐயா, இந்த விளக்கு இங்கிலாந்தில் செய்யப்பட்டது. வாங்கிய நாளும் கொடுத்த விலையும் பற்றுச்சீட்டில் இருக்கின்றன. இதன் பெறுமதியில் சந்தேகமே இல்லை. இறந்தவர் இதன்மேல் மோதி இதை உடைத்துவிட்டார். வருத்தத்தோடு என் கட்சிக்காரர் விளக்கின் விலையைக் கோருகிறார். ஆனால் இறந்தவரைப் பாருங்கள். அவருக்கு எந்தப் பற்றுச்சீட்டும் தாக்கல் செய்யப்படவில்லை.”

ஜட்ஜ் துரை நியாயமான மனிதர். இரண்டு பக்கமும் கேட்பவர். வேலாயியிடமும் கேட்கும்படி முதலியாருக்குச் சொன்னார்.

“உன்ரை புருஷனுக்கு ஏதும் பில் இருக்கோ பிள்ளை?” என்றார் முதலியார்.

“பில்லா? அவர எங்க மாமியா பெத்தாங்க சாமி. கடையில வாங்கல.”

முதலியார் ஜட்ஜ் துரையிடம் திரும்பினார்: “பற்றுச்சீட்டு இல்லை என்கிறார்.”

எழுதிக்கொண்டார்கள். அதோடு அன்றைய நேரம் முடிந்தது. சிரிக்காதீர்கள் கண்ணுகளா. கோர்ட்டில் யாரும் சிரிக்கவில்லை.

அடுத்த தவணைக்கு லாரி டிரைவர் வந்தான். ரோட்டில் மனுஷன் யாரையும் தான் பார்க்கவில்லை என்றும், ஒரு கம்பளி மட்டும் தன்பாட்டில் நடந்து வந்தது என்றும் சத்தியம் செய்தான். கம்பளிக்கு ஹோர்ன் அடிக்க வேண்டும் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை என்றார் கம்பெனிப் பெரக்கிராசி. மழைக்குக் கம்பளி போடாமல் வேறென்ன போடுவார்கள் என்று பரமலிங்கம் கேட்டார். மழையையும் ஒரு சாட்சியாக அழைத்திருக்க வேண்டும் என்று ஜட்ஜ் துரை வருத்தப்பட்டார்.

அதற்கு அடுத்த தவணையில்தான் வேலாயி அழகுமுத்துவின் பெண்சாதியா என்ற கேள்வி வந்தது. கல்யாணம் எழுதிப் பதியவில்லை. நம்மில் யார் பதிந்தார்கள்?

“நீ அவரைக் கலியாணம் முடிச்சதுக்கு ஆர் சாட்சி?” என்றார் முதலியார்.

“ஊரே சாட்சிங்க. மாரியம்மா சாட்சியாத்தான் தாலி கட்டுனாரு.”

முதலியார் ஒரு சொல்லையும் விட்டுவிடாதவர். மாரியம்மா என்ற பெண் நேரில் பார்த்த சாட்சி என்று சொன்னார். அந்தப் பெண் எங்கே இருக்கிறார் என்று கேட்டார் ஜட்ஜ் துரை. “தேயில ஸ்டோருக்குக் கீழ, ஆத்தோரமா இருக்காங்க சாமி. அந்த எடத்த வுட்டு எங்கயும் வரமாட்டாங்க” என்றாள் வேலாயி. வரமாட்டார் என்றதும் ஜட்ஜ் துரைக்குக் கோபம் வந்துவிட்டது. மாரியம்மாவுக்குச் சம்மன் அனுப்பச் சொன்னார்.

சம்மன் கொண்டுபோய்க் கொடுக்கிற பிஸ்கால் கந்தோரிலிருந்து ஒரு ஆள் அதை எடுத்துக்கொண்டு கழுகுப்பாறைக்கு ஏறினான். பூசாரி கற்பூரம் காட்டி, நெற்றியில் திருநீறு பூசி, கையில் ஒரு வாழைப்பழமும் கொடுத்து அனுப்பினார். அந்த ஆள் கோர்ட்டுக்கு எழுதிக் கொடுத்தது இது: “குறித்த பெண்ணை நேரில் கண்டேன். சம்மனை வாசித்துக் காட்டினேன். வாய் திறக்கவில்லை. கையெழுத்து வைக்க மறுத்தார். கையில் சூலம் வைத்திருந்தபடியால் வற்புறுத்தவில்லை.”

ஜட்ஜ் துரை இதை இரண்டு தரம் படித்தார். சாட்சி மறுத்துப் பேசாததால் திருமணத்தை மறுக்கவில்லை என்றே கொள்ள வேண்டும், ஆகவே இந்த வழக்கின் அளவில் மட்டும், வழக்கு முடியும் வரைக்கும், வேலாயி அழகுமுத்துவின் மனைவி என்று தீர்மானித்தார். பரமலிங்கம் பூரித்துப் போனார். “முதல் வெற்றி!” என்றார். பன்னிரண்டு வருஷம் அவனோடு குடித்தனம் பண்ணியவள், வெற்றி பெற்ற களைப்போடு பஸ் ஏறினாள்.

பெரிய பள்ளிக்கூடத்தில் ஒரு தவணை முடிந்து மறு தவணை தொடங்கியிருந்தது. வேலாயி போய்க் கும்பிட்டாள். தலைமை வாத்தியார் நல்லவர். “இடத்தை வைத்திருக்கிறேன். ஆனால் எவ்வளவு நாளைக்கு வைக்க முடியும், சொல்” என்றார்.

பிறகு ஆயுள் அட்டவணை வந்தது. ஒரு மனுஷன் லாரியில் அடிபடாவிட்டால் இன்னும் எத்தனை வருஷம் இருந்திருப்பான் என்று அதில் போட்டிருக்கும். அத்தனை வருஷத்துக் கூலியைக் கணக்குப் பார்த்துத்தான் நட்டஈடு. பரமலிங்கம் அட்டவணையை விரித்தார். கம்பெனிப் பெரக்கிராசி மெதுவாக எழுந்தார். நம் ஜனங்களின் பிரஜாவுரிமை பறிபோய்ச் சில வருஷம் ஆகியிருந்த நேரம் அது.

“கனம் ஐயா, இது இலங்கையரின் ஆயுள். இறந்தவர் இலங்கைப் பிரஜை அல்லர். அந்த ஆயுளை அவருக்குக் கொடுப்பது, உரியவர்களிடமிருந்து எடுத்துக் கொடுப்பதாகும்.”

“அப்படியானால் இந்தியாவின் அட்டவணையைப் பார்க்கலாம்” என்றார் பரமலிங்கம்.

“அவர் இந்தியாவின் பிரஜையும் அல்லர். அங்கே பிறக்கவும் இல்லை. போகவும் இல்லை.”

ஜட்ஜ் துரை கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு சொன்னதை அப்படியே சொல்கிறேன்:

“எந்த நாட்டிலும் சேராத ஒருவருக்குச் சராசரி ஆயுள் என்று ஒன்று இருக்க முடியாது. ஆகவே அவர் எந்த நாளிலும் இறந்திருக்கக்கூடும். லாரி வந்தது அந்த நாட்களில் ஒன்றில். இருந்தாலும் இந்த மன்றம் இரக்கமற்றது அல்ல. அவருக்கு ஒரு சிறிய ஆயுளை நான் என் சொந்தப் பொறுப்பில் வழங்குகிறேன்.”

“என்னங்க சொல்றாரு?” என்று வேலாயி கேட்டாள்.

“உன்ரை புருஷனுக்குக் கொஞ்சம் ஆயுள் குடுத்திருக்கிறார்” என்றார் முதலியார்.

கண்ணுகளா, ஒரு நொடி, ஒரே ஒரு நொடி, அவள் வாசல் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

அடுத்ததைச் சொல்ல எனக்கே வாய் கூசுகிறது. ஆனால் சொல்லாமல் விட்டால் நீங்கள் நம்பமாட்டீர்கள். புருஷன் செத்தவள் இன்னொருத்தனைக் கட்டிக்கொண்டால் அவளுக்குச் சோறு போட ஆள் வந்துவிடுமாம்; ஆகவே அவள் மறுபடி வாழ்க்கைப்படுவாளா மாட்டாளா என்று ஜட்ஜ் துரை பார்த்து, அதற்கேற்பக் குறைக்க வேண்டுமாம். எப்படிப் பார்ப்பது? முகத்தைத்தான்.

பரமலிங்கம் முன்னமே சொல்லி வைத்திருந்தார்: “அடுத்த தவணைக்கு வரேக்கை சீப்பாலை தலை இழுக்காமல் வா. முகத்துக்கு ஒண்டும் பூசாதை.”

“நான் எப்பங்க பூசுனேன்?”

அன்றைக்குக் கம்பெனிப் பெரக்கிராசி அவளுக்கு முன்னால் வந்து நின்று ஒரு சுற்றுச் சுற்றினார்.

“கனம் ஐயா, வழக்காளியை நன்றாகப் பாருங்கள். வயது முப்பதைத் தாண்டவில்லை. பல்வரிசை ஒழுங்கு. வெயிலும் பனியும் பட்ட பிறகும் கண்களில் என்ன ஒளி! நான் பல விதவைகளைக் குறுக்கு விசாரணை செய்திருக்கிறேன். இப்படி ஒரு முகலட்சணத்தைக் கண்டதில்லை. தோட்டங்களில் மனைவியை இழந்த ஆண்களுக்குக் குறைவா? என் கட்சிக்காரக் கம்பெனி ஏன் ஒரே பெண்ணின் இரண்டு புருஷர்களுக்குச் செலவு செய்ய வேண்டும்?”

பரமலிங்கம் கொதித்து எழுந்தார். வேலாயிக்காக அவர் அவ்வளவு ஆவேசமாகப் பேசியது அன்றைக்குத்தான்.

“வன்மையாக மறுக்கிறேன்! என் கட்சிக்காரி அவலட்சணமானவர். கன்ன எலும்பு துருத்துகிறது. விரலெல்லாம் கொழுந்துக் கறை. எந்த ஆணும் இவரை ஏறெடுத்துப் பார்க்கமாட்டான் என்று நான் பணிவோடு நிரூபிப்பேன்!”

ஜட்ஜ் துரை முக்காட்டை எடுக்கச் சொன்னார். இடப்பக்கம் திரும்பச் சொன்னார். யன்னல் பக்கம் திரும்பச் சொன்னார். பூரணி தாயின் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு கூடவே திரும்பினாள். “உள்ளே சுமார், யன்னல் வெளிச்சத்தில் சுமாருக்குச் சற்று மேல்” என்று தீர்ப்புக் குறிப்பில் ஏறியது.

“என்னங்க பேசிக்கிட்டாங்க?” என்று வேலாயி முதலியாரிடம் கேட்டாள்.

முதலியார் வேறெங்கோ பார்த்துக்கொண்டு சொன்னார்: “ஒராள் வடிவு எண்டுறார். மற்றாள் வடிவில்லை எண்டுறார்.”

“எங்க ஐயா எதச் சொன்னாரு?”

“வடிவில்லை எண்டு.”

“நல்லாருக்கட்டும்” என்றாள்.

பஸ் அந்த வளைவில் திரும்பியபோது, எப்போதும் தலையைக் குனிந்துகொள்கிறவள் அன்றைக்குக் குனியவில்லை. பக்கத்தில் இருந்த பூரணியிடம் மெல்லச் சொன்னாள்: “ஒங்கப்பா ஒரு நாளும் சொன்னதில்லடி. கம்பெனிக்காரரு வாயிலதான் மொத தரம் கேக்குறேன்.” சிரிக்கிறாளா அழுகிறாளா என்று பிள்ளைக்குத் தெரியவில்லை.

இனிக் கடைசித் தவணை. அழகுமுத்துவின் உழைப்பைப் பற்றிச் சாட்சி சொல்லக் கணக்கப்பிள்ளை இராமையாவை அழைத்திருந்தார்கள். அவர் கோட்டும் தலைப்பாகையுமாக வந்தார். இராமையா உண்மை பேசுகிறவர் என்று தோட்டத்தில் எல்லாருக்கும் தெரியும். அதுதான் வினையாகப் போயிற்று.

கம்பெனிப் பெரக்கிராசி கேட்டதை முதலியார் தமிழில் கேட்டார்: “செத்த அண்டைக்கு அவர் தோட்டத்திலை என்னவா இருந்தவர்?”

இராமையா நிமிர்ந்து நின்று சொன்னார்: “அன்னைக்கு அவன் அரைப்பேருங்க.”

முதலியாரைக் குறை சொல்லாதீர்கள். இரண்டு மொழியிலும் பரீட்சை பாஸ் பண்ணியவர் அவர். ஆனால் எந்தப் பரீட்சையிலும் தேயிலைத் தோட்டத்துத் தமிழைக் கேட்கவில்லை. அவர் ஊரில் பத்துப் பேர் என்றால் பத்து ஆட்கள். அப்படியானால் அரைப்பேர்?

“அன்றைக்கு இறந்தவர் பாதி ஆள் என்கிறார், கனம் ஐயா.”

ஜட்ஜ் துரை பேனாவைக் கீழே வைத்தார்.

“எந்தப் பாதி என்று கேளும்.”

“எந்தப் பாதி?”

“காலப் பாதிதாங்க” என்றார் இராமையா. “அதுக்கு மேல இல்லீங்க.”

விடிந்த பொழுதை நாம் காலை என்போம். முதலியாரின் ஊரில் அதற்குப் பெயர் காலமை. கால் என்றால் அங்கே கால்தான். ஆகவே அவர் உள்ளதை உள்ளபடி சொன்னார்:

“கால் பக்கத்துப் பாதி மட்டும்தான் இருந்ததாம், கனம் ஐயா. அதற்கு மேல் ஒன்றும் இல்லையாம்.”

கம்பெனிப் பெரக்கிராசி துள்ளி எழுந்தார். “மருத்துவ அறிக்கைப்படி காயம் தலையில்! சாட்சியத்தின்படி அன்றைக்கு அவரிடம் தலையே இருக்கவில்லை! இல்லாத தலையில் லாரி எப்படி மோதும்?”

பரமலிங்கம் விடவில்லை. “தலை இல்லாமலே ஒருவர் அவ்வளவு தூரம் நடந்து வந்திருக்கிறார் என்றால், அவர் எவ்வளவு கவனமான பாதசாரி என்பதை மன்றம் கவனிக்க வேண்டும்!” என்றார்.

யாருடைய முகத்தில் என்ன நடக்கிறது என்று வேலாயி மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள். முதலியார் அவளைக் கூண்டில் ஏறச் சொன்னார்.

“உண்மையைச் சொல்லு பிள்ளை. உன்ரை புருஷன் முழுப்பேரோ, அரைப்பேரோ?”

இந்தக் கேள்வி அவளுக்கு நன்றாகப் புரிந்தது. இவ்வளவு நாளில் அவளுக்குப் புரிந்த முதல் கேள்வி. அவள் குரல் உயர்ந்தது.

“எந்நாளும் முழுப்பேருதாங்க! காச்சல்ல கெடந்து எந்திரிச்ச மறுநாளே மலைக்குப் போனவரு. ஒரு பேரு வெட்டுப்பட்டதில்ல. அன்னைக்கு ஒரு நாள்தாங்க அரைப்பேரு. அதுவும் புள்ள படிப்புக்காக அவரா வேணும்னு வுட்டுக்குடுத்ததுங்க.”

முதலியார் மூச்சு விடாமல் மொழிபெயர்த்தார்: “இறந்தவர் வழக்கமாக முழு ஆளாகவே இருந்தார். அந்த நாளன்று மட்டும் மகளின் கல்விக்காகத் தன் விருப்பப்படி பாதியாகிவிட்டார்.”

“தன் விருப்பப்படி!” என்றார் கம்பெனிப் பெரக்கிராசி. உட்கார்ந்தார். அதற்கு மேல் அவர் ஒன்றும் பேச வேண்டியிருக்கவில்லை.

தீர்ப்பை ஜட்ஜ் துரை எழுந்து நிற்காத குறையாக வாசித்தார்.

“இந்த மன்றத்துக்கு இதயம் இல்லை என்று சிலர் சொல்கிறார்கள். எனக்கு உண்டு, ஆனால் அதை நான் சாட்சியமாக ஏற்க முடியாது. ஒரு மனிதனுக்கு விலை மதிக்கும்போது அவன் இறந்த நாளில் என்னவாக இருந்தான் என்பதையே சட்டம் பார்க்கிறது. அதற்கு முந்திய நாட்களில் அவர் முழு ஆளாக இருந்தது அவருடைய சொந்த விஷயம். இறந்தவருக்குத் தலை இல்லை என்ற கம்பெனியின் வாதம் மிகையானது, அதை நிராகரிக்கிறேன். அவருக்கு முழு நட்டஈடு என்ற வழக்காளியின் கோரிக்கையும் மிகையானது. உண்மை எப்போதும் நடுவில் இருக்கிறது. ஆகவே பாதி.”

பிறகு அந்தப் பாதியிலிருந்து கழிக்கத் தொடங்கினார். அழகுமுத்து உயிரோடிருந்தால் தின்றிருக்கக்கூடிய சோற்றைக் கழித்தார். யன்னல் வெளிச்சத்தில் சுமாருக்கு மேல் இருந்ததைக் கழித்தார். கம்பளிக்குக் கழித்தார். விளக்கை மட்டும் கழிக்காமல் முழுதாகக் கொடுத்தார், அதற்குப் பற்றுச்சீட்டு இருந்தபடியால். வேலாயியின் பங்கு விளக்குக்கும் கோர்ட்டுச் செலவுக்கும் சரியாகப் போயிற்று. மிஞ்சியது பூரணியின் பங்கு.

“இந்தப் பணம் சிறுமியின் கல்விக்கென்றே ஒதுக்கப்படுகிறது” என்றார் ஜட்ஜ் துரை. அப்போது அவர் குரல் உண்மையாகவே கனிந்திருந்தது. “அதை யாரும் வீணாக்கிவிடக் கூடாது. ஆகவே சிறுமிக்கு இருபத்தொரு வயது ஆகும் வரை பணம் இந்த மன்றத்தின் பாதுகாப்பில் இருக்கும்.”

முதலியார் சொல்லி முடித்ததும் வேலாயி கூண்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

“சாமி, புள்ள படிக்கப்போறது இப்பங்க. இருவத்தொரு வயசுல அஞ்சாங்கிளாசுக்கு மேல எந்தப் பள்ளிக்கூடத்துலங்க சேப்பாங்க?”

ஜட்ஜ் துரை எழுந்துவிட்டார். என்ன சொல்கிறார் அந்தப் பெண் என்று போகிற போக்கில் கேட்டார். முதலியார் அவளைப் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார்.

“மன்றத்துக்கு நன்றி சொல்கிறார், கனம் ஐயா.”

விறாந்தையில் வைத்துப் பரமலிங்கம் அவளைத் தேற்றினார். “பாதி கிடைச்சதே பெரிய காரியம், பிள்ளை. தலையில்லாத வழக்கு.”

“ஐயா, பேருன்னா கூலிங்க” என்றாள் வேலாயி.

“என்ன?”

“பேருன்னா ஒரு நாள் கூலிங்க. அரைப்பேருன்னா அர நாள் கூலி. காலப் பாதின்னா மத்தியானம் வரைக்கும் வேல செஞ்சாருன்னு. ஆளு முழு ஆளுதாங்க. தலையோடதான் போனாரு.”

பரமலிங்கம் தோளில் கிடந்த கோட்டை மறு தோளுக்கு மாற்றிப் போட்டார்.

“இதை ஏன் முந்தியே எனக்குச் சொல்லேல்லை?”

“எல்லாருக்கும் தெரியும்னு நெனச்சேங்க.”

“எழுதினது எழுதினதுதான், பிள்ளை. அப்பீலுக்குப் போனால் இன்னும் ரெண்டு வருசம் சுணங்கும். அங்கை இருக்கிறவை இன்னும் படிச்ச ஆக்கள். கால்வாசி ஆள் எண்டாலும் எண்டிடுவினம்.”

திரும்பும் வழியில் பெரிய பள்ளிக்கூடத்து வாசலில் நின்றார்கள். தலைமை வாத்தியார் வெளியே வந்தார். வேலாயியைப் பார்த்துக் கையை விரித்தார். உள்ளேயிருந்து பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிற சத்தம் கேட்டது. பூரணியின் இடத்தில் வேறொரு பிள்ளை உட்கார்ந்திருந்தது. பூரணி யன்னல் வழியாக அந்தப் பிள்ளையை ஒரு தரம் பார்த்தாள். “போவோம்மா, பஸ்சு போயிரும்” என்றாள்.

மறுநாள் இன்னும் விடியவில்லை. கொம்பு ஊதியாயிற்று. பனி மூட்டத்தில் பெரட்டுக் களத்தில் ஆட்கள் முக்காடும் கம்பளியுமாக நின்றார்கள். வேலாயி அழகுமுத்து மலைக்குக் கட்டிக்கொண்டு போகிற படங்குச் சாக்கை வெட்டித் தைத்து மகளின் இடுப்பில் கட்டிவிட்டிருந்தாள். சாக்கு இரண்டு சுற்று வந்தது. கூடைக்கயிற்றைத் தலையில் சரிபண்ணிவிட்டாள்.

அந்த நேரம் ஸ்டோரிலிருந்து தேயிலைப் பெட்டி ஏற்றிய லாரி ரோட்டில் ஏறி வந்தது. அதே லாரிதான். இடப்பக்கத்து விளக்கு புத்தம் புதுசு. என்ன வெளிச்சம்! களம் முழுக்க ஒரு தரம் பகல் மாதிரித் தெரிந்தது. டிரைவர் இந்தத் தரம் நீளமாக ஹோர்ன் அடித்தான். எல்லாரும் ஒதுங்கி நின்றார்கள்.

லாரி போன பிறகு இராமையா பென்சிலைக் காதிலிருந்து எடுத்தார். அவரால் அந்தப் பிள்ளையின் முகத்தைப் பார்க்க முடியவில்லை. குனிந்தபடியே கேட்டார்.

“ஒன் பேரு என்னம்மா?”

“பூரணிங்க.”

இராமையா எழுதிக்கொண்டே வாய்விட்டுச் சொன்னார்:

“பூரணி. அரைப்பேர்.”